அது கற்பனை இல்லை, அண்ணே

அண்ணே, என் ராசு அண்ணே,

நீ போய்ப் பத்து மாதம் ஆகிறது. உன் படுக்கைக்குப் பக்கத்தில் உட்கார்ந்து சொல்லியிருக்க வேண்டியதை இப்போது ஊரறிய எழுதுகிறேன். உனக்குக் கேட்காது என்று தெரியும். கேட்க வேண்டியவர்கள் இன்னும் சிலர் உயிரோடு இருக்கிறார்கள். அவர்களுக்காவது கேட்கட்டும்.

முதலில் வீட்டுச் சேதி. இவர் ரிட்டயர் ஆகிவிட்டார். குவார்ட்டர்ஸைக் காலி செய்து, ஹேடோவிலேயே வாடகை வீட்டில் இருக்கிறோம். பாம்பூஃப்ளாட்டில் நீ இருந்த அறையை வீட்டுக்காரர் திருப்பிக் கேட்டார். விற்காமல் கிடந்த உன் நாவல் கட்டுகளை ஃபெர்ரியில் மூன்று நடையாக நான்தான் கொண்டுவந்தேன். பாதியைக் கரையான் தின்றிருந்தது. மிச்சமிருந்த ஒவ்வொரு பிரதியிலும், முதல் பக்கத்தில், நீ உன் கையால் ஒட்டிய துண்டுச் சீட்டு: "இதில் வரும் மேஸ்திரி முழுக்கக் கற்பனை. என் தந்தையைக் குறிப்பதல்ல." எத்தனை நாள் உட்கார்ந்து ஒட்டினாய் அண்ணே?

உன்னை அறியாதவர்களும் இதைப் படிப்பார்கள் என்பதால் உனக்குத் தெரிந்த கதையையே கொஞ்சம் திரும்பச் சொல்கிறேன், பொறுத்துக்கொள்.

நம் அப்பா கருப்பையா, ராமநாதபுரம் பக்கத்திலிருந்து மரம் வெட்ட ஆள் கூட்டிக்கொண்டு அந்தமானுக்குக் கப்பலேறிய மேஸ்திரி. பாராடாங் காட்டுக்குள் ஒரு காண்ட்ராக்டரின் கேம்ப். முதல் கப்பலில் வந்தவை நம்மையும் சேர்த்து எட்டுக் குடும்பங்கள். வெட்டிய இடத்தில் குடிசை போட்டார்கள், பாக்கும் வாழையும் வைத்தார்கள். நான் அங்கேதான் பிறந்தேன். பிறகு காலம் புரண்டது. காட்டைக் காக்க வேண்டும், இனி வெட்டக்கூடாது என்றார்கள். அது நியாயம்தான் என்று நீயே நாவலில் எழுதியிருக்கிறாய். ஆனால் வெட்டுவதற்கென்று கூட்டி வந்தவர்களை என்ன செய்வது? குறிப்பிட்ட ஒரு வருஷத்துக்கு முன் வந்தவர்களுக்குப் பட்டா உண்டு, பின்னால் வந்தவர்கள் ஆக்கிரமிப்பாளர்கள் என்று முடிவானது. யார் எப்போது வந்தார்கள் என்பதற்கு எவரிடமும் காகிதம் இல்லை. மேஸ்திரி சொல்வதுதான் சாட்சி.

நமக்குப் பட்டா வந்தது. மற்ற ஏழு குடும்பங்களுக்கும் வெளியேறச் சொல்லி நோட்டீஸ் வந்தது.

குடிசை பிரித்த அன்று எனக்குப் பத்து வயது, உனக்குப் பதினேழு. மரம் இழுத்த யானைகளையே கொண்டுவந்து கம்பங்களை இழுத்தார்கள். வேலுச்சாமி மாமா தன் வீட்டு நடுக்கம்பத்தைக் கட்டிப்பிடித்துக்கொண்டு கத்தினார்: "முதக் கப்பல்ல வந்தவன்யா நானு! மேஸ்திரி, நீங்க சொல்லுங்க மேஸ்திரி!" அப்பா ஓடையைப் பார்த்துக்கொண்டு நின்றார். நான் அதைப் பார்க்கவில்லை. நீ பார்த்தாய்.

அந்த ஒரு பார்வையை வைத்துக்கொண்டு இருபது வருஷம் புழுங்கினாய். சாத்தம் மரமில்லில் வேலை, ஷிப்ட் முடிந்தால் லைப்ரரி. சனங்களின் வாழ்க்கை தலைகீழாகிற காலத்தைப் பற்றிய நாவல்களாகத் தேடித் தேடிப் படித்தாய். என்னையும் படிக்க வைத்தாய். "போராட்டம், கலவரம்லாம் பேப்பர்காரன் எழுதிருவான் வள்ளி. சட்டம் மாறுன அன்னிக்கு ஒரு வீட்டுக்குள்ள யாரு யாரக் கைவிட்டான்னு எவன் எழுதுவான்? அதான் நாவலு" என்பாய். சட்டை மடிப்பிலிருந்து மரத்தூள் உதிர உதிரப் பேசுவாய்.

உன் நாவல் சென்னையில் அச்சாகிக் கப்பலில் வந்தது. அதில் வரும் மேஸ்திரி தன் நிலத்துக்காக ஏழு குடும்பங்களும் பின்னால் வந்தவை என்று பொய் வாக்குமூலம் கொடுக்கிறான். பெயரை மாற்றியிருந்தாய். ஆனால் அப்பாவின் நடை, அப்பாவின் இருமல், கோபம் வந்தால் துண்டை உதறுகிற விதம், எதையும் மாற்றவில்லையே?

அப்பா அதை யாரையோ வாசிக்கச் சொல்லி நான்கு நாள் கேட்டார். ஐந்தாம் நாள் துணிப்பையோடு என் வீட்டு வாசலில் வந்து நின்றார். "உங்கண்ணன் என்னய ஊருக்கு முன்னாடி அம்மணமா நிறுத்திட்டான் ஆத்தா. நான் பொய் சொன்னத அவன் கண்டானா?" என்று அழுதார். அவர் அழுது நான் பார்த்தது அதுதான் முதல் தடவை.

நான் நேரே மில் வாசலுக்கு வந்தேன். உன் கூட்டாளிகள், பெங்காலிக்காரர், தெலுங்குக்காரர் எல்லோரும் பார்க்க, "ஜூட்டா! பொய்யன்! பெத்தவர வித்துப் பேரு வாங்குறியா?" என்று கத்தினேன். நீ ஒரே ஒரு கேள்விதான் கேட்டாய்: "அப்பா இல்லைன்னு சொன்னாரா வள்ளி? அவரு வாயால சொன்னாரா?"

"சொன்னாரு" என்றேன். யோசித்துப் பார்த்தால், அவர் அப்படிச் சொல்லவே இல்லை. நீ கண்டாயா என்றுதான் கேட்டார்.

அடுத்த மாதம் தமிழர்கள் கூடிய ஒரு கூட்டத்தில், நூறு பேருக்கு முன்னால், நீ எழுந்து நின்று நாவலில் உள்ளது கற்பனை, என் தகப்பன் அப்படிப்பட்டவர் இல்லை என்று சொன்னாய். கடைகளில் இருந்த பிரதிகளைத் திருப்பி வாங்கினாய். இரண்டாவது நாவல் பாதியில் நின்றது. நான் வெற்றி பெற்றதாக நினைத்துக்கொண்டேன்.

இனிமேல் சொல்வது உனக்குத் தெரியாதது.

அப்பா சாவதற்கு ஒன்பது நாள் முன்பு, ஒரு மத்தியானம். வெளியே மழை. கஞ்சி கொடுத்துக்கொண்டிருந்தேன். கரண்டியைக் கையால் தள்ளிவிட்டுச் சொன்னார்: "ராசு எழுதுனது நெசந்தான் ஆத்தா."

என்னப்பா சொல்றீங்க என்றேன்.

"எட்டுப் பேருக்கும் கேட்டா ஒருத்தனுக்கும் கெடைக்காது, நீ ஒருத்தன்னா பாக்கலாம்னு நடுவுல ஒரு ஆளு வந்து சொன்னான். நான் எனக்கு மட்டும் கேட்டுக்கிட்டேன். ஏழு பேரும் பொறவு வந்தவுகன்னு கைநாட்டு வெச்சேன். வேலுச்சாமி என்னய நம்பித்தான் கப்பலேறுனான். அவன்ட்ட சொல்ல முடியாது, அவன் போயிட்டான். ராசுகிட்டச் சொல்லிரு."

சொல்கிறேன் என்று அவர் கையைப் பிடித்துச் சத்தியம் செய்தேன்.

எட்டு வருஷம் ஆகிவிட்டது அண்ணே. ஹேடோவிலிருந்து சாத்தம் ஜெட்டி எவ்வளவு தூரம்? அங்கிருந்து உன் கரைக்கு ஃபெர்ரியில் எவ்வளவு நேரம்? இரண்டு முறை ஏறினேன். ஒருமுறை இறங்கி உன் தெரு முனைவரை வந்தேன். நீ வாசலில் உட்கார்ந்து இருமிக்கொண்டே கீரை ஆய்ந்துகொண்டிருந்தாய். அண்ணி போனபின் நீயே சமைக்கிறாய் என்று அப்போதுதான் உறைத்தது. அடுத்த ஃபெர்ரியில் திரும்பிவிட்டேன்.

வெட்கம் ஒரு காரணம். அது மட்டும்தான் என்று எழுதினால் இந்தக் கடிதமும் பொய்யாகிவிடும். பாராடாங் நிலத்தை அப்பா என் பெயருக்கு எழுதிவைத்திருந்தார். நீ வேண்டாம் என்று கையெழுத்துப் போட்டுக் கொடுத்திருந்தாய். சுண்ணாம்புக் குகை பார்க்க டூரிஸ்ட்டுகள் வர ஆரம்பித்ததும், அங்கே நான்கு ரூம் கட்டலாம் என்று என் மகன் பிளான் போட்டான். உண்மை வெளியே வந்தால் பட்டா என்னாகும்? அந்தக் கணக்கும் என் மனதில் இருந்தது. நீ நாவலில் எழுதிய மேஸ்திரி ஓர் இடத்தில், "நான் ஒண்ணும் செய்யல, சும்மாதான் இருந்தேன்" என்பான். அந்த வரியைப் படிக்கிறபோதெல்லாம் என் குரல்தான் கேட்கிறது.

கடைசியாக ஆஸ்பத்திரி. உனக்கு மூச்சு வாங்கியது. மாஸ்க்கை நீயே விலக்கிவிட்டு என்னைப் பார்த்தாய்.

"வள்ளி, ஒண்ணு கேக்கணும். அப்பா கடைசியில என்னயப் பத்தி ஏதாச்சும் சொன்னாரா?"

அண்ணே, வாய்வரை வந்தது. சத்தியமாக வந்தது. அந்த நேரம் வார்டு அம்மா கதவருகில் வந்து, "டைம் ஹோ கயா, தீதி" என்றாள். நேரமாகிவிட்டது என்று அவள் சொன்னதைப் பிடித்துக்கொண்டு எழுந்துவிட்டேன்.

"ஒண்ணும் சொல்லலண்ணே" என்றேன்.

நீ தலையை ஆட்டினாய். "அவரு மனசு நோகப் போயிட்டாரு. நான்தான் கொன்னேன்" என்றாய். மறுநாள் விடிந்ததும் போன் வந்தது.

போன மாதம் ஒரு பெண் என் வீட்டைத் தேடி வந்தாள். என் வயதுதான் இருக்கும். கையில் உன் நாவல், சீட்டு ஒட்டாத பிரதி. "நான் பார்வதி. வேலுச்சாமி மக. ஓடையில ஒண்ணா நண்டு புடிப்போமே" என்றாள். அங்கிருந்து துரத்தப்பட்டபின் கூலி வேலைக்கு ஊர் ஊராக அலைந்து, பாம்பூஃப்ளாட்டில் ஒதுங்கியிருக்கிறார்கள். வேலுச்சாமி மாமா சாகிறவரை போகிற வருகிறவர்களிடமெல்லாம் முதல் கப்பல், முதல் கப்பல் என்றே சொல்லிக்கொண்டிருந்தாராம். பைத்தியம் என்று சிரித்தார்களாம்.

"அம்மா இன்னும் இருக்கு. கண்ணு தெரியாது. உங்கண்ணன் எழுதுனதுதான் நெசம்னு சொல்லிக்கிட்டே கெடக்கு. அவரே கற்பனைன்னுட்டாரே. நீதான் மேஸ்திரிய கடைசிவரைக்கும் பாத்தவ. எதுவா இருந்தாலும் சொல்லிரு வள்ளி."

சொல்லிவிட்டேன். உன்னிடம் சொல்லாததை அவளிடம் சொன்னேன். அவள் டீ டம்ளரைத் தள்ளி வைத்தாள்.

"எத்தன வருஷமாத் தெரியும்?"

"எட்டு."

அவள் திட்டுவாள் என்று நினைத்தேன், திட்டவில்லை. எழுந்து செருப்பைப் போட்டுக்கொண்டே சொன்னாள்: "உங்கண்ணன் எங்க வீட்டுக்கு வந்தாரு. மூணு வருஷம் இருக்கும். தப்பா எழுதி உங்க மனசுல வெறுப்ப வெச்சிட்டேன், மன்னிச்சிருங்கன்னு அம்மா கால்ல விழுந்தாரு. நீ சரியாத்தான் எழுதுனே தம்பின்னு அம்மா சொல்லுது, அவரு கேக்கவே இல்ல. குலுங்கிக் குலுங்கி அழுதாரு. அப்பயும் உனக்குத் தெரியும்ல?"

தெரியும். அப்போதும் எனக்குத் தெரியும்.

சரியாக எழுதிய கைக்கு, தப்பாக எழுதிவிட்டேன் என்று மன்னிப்புக் கேட்கும் நிலையை வைத்தது நான். அப்பா ஒரு பொய்க்குக் கைநாட்டு வைத்தார். படித்த நான் வாயைத் திறக்காமலே அதற்குக் கையெழுத்துப் போட்டேன்.

ஏழு குடும்பங்களும் நம்மோடு முதல் கப்பலில் வந்தவர்கள் என்று அப்பா சொன்னதை அப்படியே எழுதி, போன திங்கட்கிழமை அதிகாரிகளிடம் கொடுத்தேன். வாங்கிக்கொண்ட ஆள், "இத்தன வருஷத்துக்குப் பொறவா மேடம்?" என்றார். நிலம் யாருக்கும் திரும்பக் கிடைக்காது என்றுதான் எல்லோரும் சொல்கிறார்கள். நம்முடையதும் போகலாம். மகன், "பெத்த அப்பனுக்கும் பெத்த புள்ளைக்குமா துரோகம் பண்றீங்க?" என்று சொல்லிவிட்டு மெயின்லேண்டுக்குக் கப்பலேறிவிட்டான். போன் எடுப்பதில்லை. நீ இருந்தால் அவனுக்கு எடுத்துச் சொல்வாயா? அன்று உனக்கே நான் காது கொடுக்கவில்லையே, எந்த முகத்தோடு கேட்பேன்?

பார்வதியின் அம்மாவைப் பார்க்க அனுமதி கேட்டேன். "அம்மா யோசிச்சுச் சொல்றேன்னுச்சு" என்று பதில் வந்தது. இன்னும் கூப்பிடவில்லை. கூப்பிடாமலே போனாலும் அது அந்த அம்மாவின் உரிமை.

உனக்கு நான் கொடுக்கும் வாக்கு இது. உன் நாவல் மறுபடி அச்சாகும். சீட்டு இருக்காது, ஒரு வரியும் மாறாது. முதல் பக்கத்தில் அந்த ஏழு வீட்டுக்காரர்களின் பெயர்களும் இருக்கும். அது வந்த அன்று, நீ கற்பனை என்று சொன்ன அதே கூட்டத்தாரின் முன்னால் நின்று, நான் செய்ததை என் வாயால் சொல்வேன். என்னை மன்னிக்கும்படி உன்னைக் கேட்கப்போவதில்லை. கேட்டால் நீ மன்னித்துவிடுவாய்.

இப்படிக்கு,
கருப்பையா மேஸ்திரியின் மகள்,
உன் கூடப்பிறந்த தங்கை,
வள்ளி