காலி வீடு பார்த்த மதியம்

அக்கா,

எதிர்வீட்டைக் காலி செய்து வெள்ளையடித்திருக்கிறார்கள். காலையிலிருந்து சுண்ணாம்பு வாசனை என் சமையலறை வரை வருகிறது. கேட்டில் 'டூ லெட்' பலகை. நீங்கள் இருந்திருந்தால் இந்நேரம் சாவி கேட்டு உள்ளே போயிருப்பீர்கள்.

அண்ணன் தம்பியைக் கட்டிக்கொண்டு வந்த நாம் இருவரும் ஸ்ரீராம்புரத்தில் எட்டு வருடம் ஒரே அடுப்பில் சமைத்தோம். படுக்க ஓர் அறை, நடுவில் பழைய புடவைத் திரை. மாமியார் இல்லாத குறையை நீங்கள் தீர்த்து வைக்கிறீர்கள் என்று அக்கம்பக்கத்தில் நான் சொல்லியிருக்கிறேன். பாத்திரம் தேய்க்கும்போதெல்லாம் மனதுக்குள் ஒரு வீடு கட்டுவேன். நானும் அவரும் மட்டும் இருக்கும் வீடு. உங்கள் இருமல் கேட்காத வீடு.

ரேஷன் கடைக்கென்று கிளம்பிய ஒரு மதியம், டூ லெட் பலகை மாட்டியிருந்த வீட்டுக்குள் என்னை இழுத்துக்கொண்டு போனீர்கள்.

"சும்மா பாத்துட்டு வரலாம் வாடி. நான் அடிக்கடி பாக்கறதுதான்."

எத்தனை பேர் என்று வீட்டுக்கார அம்மாள் கன்னடத்தில் கேட்டாள். "இப்பரே. நானு, நன்ன தங்கி" என்று என் தோளைத் தொட்டீர்கள். இரண்டே பேர், நீங்களும் உங்கள் தங்கையான நானும். எனக்குத் தூக்கிவாரிப் போட்டது.

"இங்க உன் பீரோ. நான் ஜன்னலாண்ட படுத்துக்கறேன். இருமுனா நீ மூஞ்சிய சுளிக்க வேணாம்."

"அப்ப நம்ம ஆம்பளைங்க?"

"அவங்க கெடக்கட்டும் அங்கயே."

சிரித்துக்கொண்டே திரும்பினோம். மனதுக்குள் கட்டிய என் வீட்டைப் பற்றி மட்டும் நான் வாய் திறக்கவில்லை.

பிறகு எனக்கும் அவருக்கும் தனியாக ஜீவனஹள்ளியில் இந்த வீடு கிடைத்தது. பால் காய்ச்சிய அன்று ஒவ்வொரு அறையாகப் பார்த்துவிட்டு, பின்னறையில் வெகுநேரம் நின்றீர்கள்.

"இங்க ஒருத்தர் தாராளமா படுத்துக்கலாம்ல?"

"அங்க தையல் மிஷின் போடணும்க்கா."

"ஆமாமா, மிஷினுக்குத்தான் சரியா இருக்கும்" என்று பையை எடுத்துக்கொண்டீர்கள்.

அதன்பின் எத்தனை முறை கூப்பிட்டும் நீங்கள் ஒரு நாள்கூடத் தங்கவில்லை. காலையில் வந்தால் சாயங்காலம் பஸ் பிடித்துவிடுவீர்கள். நீங்கள் கண்ணை மூடிய பிறகுதான் மிஷினைக் கூடத்துக்கு மாற்றினேன். பின்னறை சும்மா கிடக்கிறது.

உங்கள் ஆசையில் என் பீரோவுக்குக்கூட இடம் வைத்திருந்தீர்கள். எனக்கு உங்களைச் சேர்த்து நினைக்கவே தோன்றவில்லை. ஆசைப்பட்டபடிதான் வாழ்கிறேன் அக்கா. உங்களிடம் கேட்காத மன்னிப்பு ஒன்று மட்டும் பாக்கி இருக்கிறது.