என் எல்க்கும் தலைவர் மாமாவும்

10 ஜன., சனி. −14. எங்கள் அம்மருட் பகுதி முழுக்க வெள்ளை. மூக்குக்குள் ஐஸ்.
தமிழ்ப் பள்ளி. பொங்கல் விழாவில் என் படத்துக்கு இடம் கேட்டேன். கையால் கீறின 480 படம், போனில் ஒவ்வொன்றாக எடுத்து ஓட்டினால், மொத்தம் நாற்பது செக்கன். பெரிய கொம்புள்ள எல்க் மான் ஒன்று, மேடையில் நிற்கிற ஆளோடு சேட்டை விடும். நூறு வருசத்துக்கு முந்தி அமெரிக்காவில் இப்படித்தான்: திரையில் கீறின மிருகம், முன்னால் உயிருள்ள மனிதன். படத்துக்குச் சத்தமில்லை; கதைக்கிறது மனிதன் மட்டும். அந்த மனிதன் நான்.
தலைவர் மாமா (பள்ளி நிர்வாகத் தலைவர், இனி த.மா.): "எங்கட மேடையில காட்டூனோ பிள்ளை? பேச்சுப் போட்டிக்குப் பேர் குடு."
அவர் பேச்சாளர் இல்லை, மூச்சாளர். மூச்சு வாங்க மட்டும் நிறுத்துவார்.

13 ஜன., செவ். பனி. கணக்கு டெஸ்ட். அதைப் பற்றிப் பேச்சில்லை.
அந்தக் கால அமெரிக்க ஆக்கள் பின்னணியைக்கூட ஒவ்வொரு தாளிலும் திரும்பக் கீறினார்களாம். நானும். எங்கள் புளொக்கின் ஜன்னல்கள், 480 தரம். கோடு நடுங்குகிறது, கட்டடத்துக்கே குளிர் மாதிரி. எல்லாம் சொல்வதெழுதுதல் தாள்களின் பின்பக்கம். முன்பக்கம் முழுக்கச் சிவப்புப் பேனா.
காட்டூன்தான். அதனால் என்ன?
அம்மா: "விடு பிள்ளை, பெரியாக்களோட கொழுவாத."
விடமாட்டேன். திரைக்கு முன்னால் நிற்க ஒரு ஆள்தானே வேண்டும்? த.மா. எப்படியும் பேச நிற்பார்.
காவ்யா (சென்னையில் இருந்து வந்தவள், விழாவில் லாப்டாப் அவள் பொறுப்பு): "ஏய், மாட்டிக்குவோம்டி." பிறகு அவளே: "சரி, எந்த ஃபைல்?"

17 ஜன., சனி. −6. விழா.
விளக்கேற்றல். வாழ்த்து. பிறகு த.மா., வெள்ளை வேட்டி, வெள்ளைச் சேட்டு, திரைக்கு நேர் முன்னால். திரையில் பொங்கல் பானை. இருபதாவது நிமிசம். நடனப் பிள்ளைகள் சலங்கையோடு தூக்கம்.
காவ்யாவுக்குத் தலையாட்டினேன்.
பானை போனது. எல்க் வந்தது. அவரைப் பார்த்தது. கொட்டாவி விட்டது. சபை சிரித்தது, தன் பகிடிக்கென்று நினைத்து அவரும் சிரித்தார். எல்க்கின் நாக்கு நீண்டு அவர் சேட்டில் விழுந்தது. அப்போதுதான் திரும்பினார்.
"ஆர் இது? நிப்பாட்டு!"
எல்க் நின்றது. (படம் 390. அந்த இடத்தில் நிற்கத்தான் கீறினேன். சத்தியமாக.)
"போ அங்கால!"
போனது.
கைதட்டல். அம்மா வாயைப் பொத்திக்கொண்டு குலுங்கினார். அழுகை இல்லை.

18 ஜன., ஞாயிறு. பனி உருகி வழுக்கல்.
த.மா. போன். மன்னிப்புக் கடிதம் வேண்டுமாம். தமிழில், ஒரு பக்கம், பிழை இல்லாமல்.
எழுதினேன்: "பேச்சைக் குழப்பியதற்கு மன்னிக்கவும். படம் கீறியதற்கு மன்னிப்புக் கேட்க மாட்டேன்."
தாளின் பின்பக்கம் சும்மா கிடந்தது. எல்க், திரும்பி வருகிறது. படம் 481.