விளக்கை யார் முன்னால் வைத்தாய், தம்பி?

என் ஆசைத் தம்பி செல்வராசுக்கு,

நீ போய் இன்றோடு ஒரு வருஷம். ஆசை என்று எழுதிவிட்டேனே தவிர, வயிற்றெரிச்சலோடுதான் எழுதுகிறேன். செத்தவர்களைத் திட்டக் கூடாதாம். நம் சுடர்வழி நெறியில் அப்படி ஒரு விதி இல்லை, அதனால் திட்டுகிறேன்.

போன வெள்ளிக்கிழமை நம் ஆட்கள் உன் படத்தைப் பெரிதாக்கி, கண்ணாடி போட்டு, எஹலியகொடயிலிருந்து பஸ்ஸில் மடியில் வைத்துக் கொண்டுவந்தார்கள். செக்பாயிண்ட்டில் பொலிஸ்காரன் இது யார் என்று கேட்டானாம். "அபே தெய்யோ, மாத்தயா" என்றார்களாம். எங்கள் சாமியாம்! நாம் கூடுகிற, முன்பு தோட்டத்துக் குழந்தைகளைப் பார்த்துக்கொண்ட பழைய பிள்ளைக்காம்பராவின் சுவரில் அதை மாட்டி, நம் ஒற்றை விளக்கை அதற்கு முன்னால் வைத்திருக்கிறார்கள்.

படத்துக்கு முன்னால் விளக்கா? நம் ஆட்களா இதைச் செய்தார்கள்?

கோயில்காரர்கள் நம்மைச் "சாமி இல்லாத சனம்" என்று கேலி பண்ணும்போதெல்லாம் நீதானே பதில் சொல்வாய்? சுடருக்குள் சாமி இல்லை, கேட்கிறவர் முகத்தில் விழுகிற வெளிச்சம்தான் சாமி என்பாய். அதனால்தான் பேசுகிறவர் இருட்டில் உட்கார்ந்து, விளக்கைக் கேட்கிறவர் முன்னால் வைப்போம். சொன்ன சொல் அந்த முகத்தில் என்ன செய்கிறது என்று பார்த்துப் பார்த்துப் பேச வேண்டும். முகம் சுருங்கினால் நிறுத்தி, என்னவென்று கேட்க வேண்டும். நம் நெறியே அவ்வளவுதான்.

அதை மாற்றியது யார்? கொழும்பிலிருந்து இரண்டு பேர், நம் கூட்டத்தில் பேசுகிற உன்னைப் படம் பிடிக்க வந்தார்கள். "முகம் தெரியலைங்களே, விளக்கக் கொஞ்சம் உங்க பக்கம் வைக்கலாமா?" என்றார்கள். வைத்தாய். அவர்கள் அன்றைக்கே போய்விட்டார்கள். விளக்கு உன் பக்கமே நின்றுவிட்டது. அந்த வெளிச்சத்தில் நீ அழகாகத்தான் இருந்தாய், அதையும் சொல்லிவிடுகிறேன்.

அப்புறம் அந்த மழை. நாம் குடியிருந்த லயத்துக்குப் பின்னால் மலையில் கை நுழைகிற அகலத்துக்கு வெடிப்பு. மாணிக்கக் குழியில் வேலை செய்கிற பியதாச பார்த்துவிட்டு, "அக்கே, மண்ணுக்குள்ள தண்ணி ஓடுது, ஹொந்த நே, நல்லதில்ல. புள்ளைகளக் கூட்டிக்கிட்டு இஸ்கோலுக்குப் போயிருங்க" என்றார். குழி தோண்டுகிறவருக்குத் தெரியாத மண்ணா? அன்று சாயந்தரக் கூட்டத்தில் நான் எழுந்து அதைச் சொன்னேன். விளக்குக்குப் பின்னாலிருந்து நீ சிரித்தாய்.

"தோட்டத்துத் தொரை ஆள் அனுப்பி வெடிப்பப் பாத்துட்டாராம், பயமில்லையாம். அக்கா எப்பவும் இப்படித்தான், தவளை கத்தினாலே பொட்டியக் கட்டிரும்."

எல்லோரும் சிரித்தார்கள். என் முகம் சுருங்கியது உனக்குத் தெரியவில்லை. பக்கத்துக் காம்பரா புஷ்பம் தன் மகளை இறுக்கிப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்ததும் தெரியவில்லை. கண்ணுக்கு முன்னால் விளக்கு எரிந்தால் அந்தப் பக்கம் எப்படியடா தெரியும்? நானும் வாயை மூடிக்கொண்டு உட்கார்ந்துவிட்டேன். அந்தக் கோபம் என் மேலேயே எனக்கு இருக்கிறது.

விடியற்காலையில் மலை இறங்கியது. பெரட்டுக்கு, அன்றைய வேலைக்குப் பேர் கொடுக்கக் கிளம்பியதால் நானும் புஷ்பமும் தப்பினோம். உன்னையும் அவள் மகளையும் மண்ணுக்குள்ளிருந்து எடுத்தார்கள். துரை அனுப்பிய ஆள் யார் என்று இன்றுவரை ஒருவரும் சொல்லவில்லை. அப்படி ஒருவன் வந்தானா?

புஷ்பம் இப்போதும் கூட்டத்துக்கு வருகிறாள். கடைசி வரிசையில், இருட்டில் உட்காருகிறாள். எல்லோரும் உன்னைக் கும்பிடும்போது அவள் முகம் எப்படி இருக்கிறது? யார் பார்த்தார்கள்?

படத்தைக் கழற்றுங்கள் என்றேன். "செத்தவர மரியாதையா வச்சிருக்கோம், நீங்க கெடுக்காதீங்க அக்கா" என்கிறார்கள். எனக்குச் சாமி வேண்டாம். சோற்றுக்கு முன்னால் உட்கார்ந்து பச்சை மிளகாய் கேட்கிற தம்பிதான் வேண்டும்.

வருகிற வெள்ளிக்கிழமை அந்த விளக்கைக் கடைசி வரிசைக்குக் கொண்டுபோய்ப் புஷ்பத்துக்கு முன்னால் வைப்பேன். நான் இருட்டில் உட்கார்ந்து, என் தம்பி தப்பாகச் சொன்னான், நான் பேசாமல் இருந்தேன் என்று அவள் முகத்தைப் பார்த்துச் சொல்வேன். அவள் பேச வாயெடுத்தால், விளக்கை வாங்கி என் முன்னால் வைத்துக்கொள்வேன். அவள் என்ன சொன்னாலும் முகத்தைத் திருப்ப மாட்டேன்.

கோபம் தீராத,
உன் கூடப்பிறந்த அக்கா
ராமாயி