சீட்டில் எழுதிய பெயர்

மார்ச் 2, ஞாயிறு

என் எழுத்தைப் பார்த்துச் சிரிக்காதே, நோட்டே. வரி மேலே ஏறிக்கொண்டே போகிறது. எழுபத்தொரு வயதில் முதியோர் வகுப்புக்குப் போய்க் கற்ற எழுத்து.

இன்று எங்கள் ஊர்க்காரர் மன்றத்தில் குலுக்கல். ஈஸ்டர் முடிந்ததும் பரிசுத்த ஆவியின் கிரீடம் வாரத்துக்கு ஒரு வீடாக, சீட்டு விழுந்த ஏழு வீடுகளில் தங்கும். வருடா வருடம் என் சீட்டைச் செயலாளர் அடெலினோதான் எழுதுவார். இந்த முறை நானே! ஒவ்வொரு எழுத்தாக. என்ன சந்தோஷம்!

மூன்றாவது சீட்டு. "மனுவேல் பெரேரா" என்று வாசித்தார்கள். என் பெயர்தான்; ஆனால் நான் எழுவதற்குள் அதே பெயர் கொண்ட கறிக்கடை மனுவேல் பெரேரா அழுதுகொண்டே மேடை ஏறிவிட்டார். எல்லோரும் கைதட்டினார்கள். நானும்.

மார்ச் 3

காலையில் என் மனைவி தெயோலிந்தா பிடித்துக்கொண்டாள்.

"சீட்டுல என்ன எழுதுனீங்க?"

"என் பேரை."

"எந்தப் பேரை?"

"ஞானஸ்நானப் பேரை."

"அட கடவுளே! இந்த ஃபால் ரிவர் ஊர்ல அந்தப் பேர்ல உங்களை யாருக்குத் தெரியும்? 'கொக்கு'ன்னு எழுதினாத்தானே அது நம்ம வீடு!"

உண்மைதான். எனக்கு நீளக்கால். நான் வேலை பார்த்த நெசவு ஆலை மேஸ்திரிகூடக் கொக்கு என்றுதான் கூப்பிடுவான்.

மகன் லூயிஸின் படகு புயலில் மூன்று நாள் காணாமல் போனபோது, அவன் திரும்பினால் கிரீடத்தை வீட்டில் வைத்து ஊருக்கு விருந்து போடுவதாக அவள் நேர்ந்துகொண்டாள். இருபத்திரண்டு வருடமாகக் காத்திருக்கிறாள். நான் என்ன செய்துவிட்டேன்?

மார்ச் 5

அடெலினோவிடம் போனேன். மீதிச் சீட்டுகள் அடுப்பில் போய்விட்டன. வென்ற சீட்டு மட்டும் இருக்கிறது.

"சண்டை வேணாம் பெரியவரே. ஞாயித்துக்கிழமை ரெண்டு பேரும் எல்லாரு முன்னாடியும் பேரை எழுதுங்க. எந்தக் கையெழுத்து ஒத்துப்போகுதோ, அவங்க வீட்டுக்குக் கிரீடம்."

வழியெல்லாம் சிரித்துக்கொண்டே வந்தேன்.

மார்ச் 6

கறிக்கடைக்குப் போய்ச் சொன்னேன். மனுவேல் கத்தியைக் கீழே வைத்தார்.

"எழுதணுமா? கண்ணாடியை வீட்ல மறந்துட்டேன், கொக்கு."

"இன்னைக்கு இல்லப்பா. ஞாயித்துக்கிழமை."

"ஞாயித்துக்கிழமையும் மறந்தாலும் மறந்துடுவேன்."

கண்ணாடி அவர் சட்டைப் பையிலேயே இருந்தது.

வங்கியில், மருத்துவமனையில், பாதிரியாரிடம் — அறுபது வருடம் நான் சொன்ன அதே வாக்கியம். கடைப்பலகை, விலைச்சீட்டு எல்லாம் அவர் மகளின் கையெழுத்து. எனக்கு இப்போதுதான் தெரிகிறது.

மார்ச் 7

தெயோலிந்தாவின் நேர்த்திக்கடனா, மனுவேலின் மானமா? ஒரு இடத்தில் உட்கார முடியவில்லை.

மார்ச் 8, சனி

எழுதிப் பார்க்க வேண்டாம், கிரீடம் அவர் வீட்டுக்கே போகட்டும் என்று அடெலினோவிடம் சொல்லிவிட்டேன். காரணம் சொல்லவில்லை. தெயோலிந்தாவிடமும்.

ரொட்டி மாவை மேசையில் அறைந்தாள். "வகுப்புக்குப் போய் இதைத்தான் கத்துக்கிட்டு வந்தீங்களா?"

மார்ச் 10

பேசவில்லை. தட்டை வைத்துவிட்டுப் போகிறாள்.

மார்ச் 12, புதன்

கறிக்கடை மனுவேல் வந்தார். கையில் காகிதம் சுற்றிய சொரீசோ தொத்திறைச்சி. உட்காரவில்லை.

"பொண்ணைக் கேட்டேன். 'கறிக்கடை'ன்னுதான் எழுதிப் போட்டாளாம். அது உன் சீட்டு, கொக்கு. அடெலினோகிட்டயும் சொல்லிட்டேன்."

சொரீசோவை மேசையில் வைத்தார்.

"எழுத வேணாம்னு நீதான் சொன்னியாமே?"

"ஆமா."

என் தோளைத் தட்டினார். "கிரீடத்தை உன் வீட்டுக்கு நானே தூக்கிட்டு வரேன்."

சமையலறையிலிருந்து தெயோலிந்தாவின் குரல்: "வந்தவரை உக்காரச் சொல்லக்கூடத் தெரியாதா உங்களுக்கு?"

நான்கு நாளுக்குப் பின் என்னோடு பேசிய பேச்சு. இப்போது ஜன்னல் திரைகளையெல்லாம் கழற்றித் தண்ணீரில் போட்டிருக்கிறாள். கிரீடம் வரும்போது நூற்றிருபது பேருக்குச் சூப்பாம். அழைப்புப் பட்டியல் நான் எழுத வேண்டுமாம். இதுவரை பதினொரு பேர்தான் ஆயிற்று, விரல் வீங்கிவிட்டது. மீதியை முடித்துவிட்டு வரும் வாரம் உன்னிடம் வருகிறேன், நோட்டே.