அடி விழாத ஆட்டத்துக்குப் புள்ளி

மார்ச் 3, திங்கள்

புதிய புள்ளிக் கணக்கு இன்று காலை பத்து மணிக்கு ஆட்டத்தில் ஏறியது. ஒன்றும் வெடிக்கவில்லை. மேனேஜர் என் மேசைக்கு வந்து, "புள்ளி மேடம், மூணு மாச உழைப்பு!" என்று கை கொடுத்தார். ஆபீஸில் என் பெயர் அதுதான். எங்கள் ஆட்டத்தில் பத்து லட்சம் பேர் வாளும் வில்லும் மந்திரக்கோலுமாக ஆன்லைனில் அலைகிறார்கள். அவர்களில் யார் மேலே, யார் கீழே என்று சொல்கிற எண் என் கணக்கிலிருந்து போகிறது.

நாளை யாராவது கேட்டால் உளறக்கூடாது என்பதற்காக இங்கே ஒருமுறை எழுதிப் பார்த்துக்கொள்கிறேன். ஐந்து பேர் ஓர் அணி. இதுவரை, ஜெயித்தால் ஐவருக்கும் ஒரே புள்ளி. பலமான அணியை ஜெயித்தால் முப்பது, சோப்ளாங்கி அணியை ஜெயித்தால் எட்டு. தோற்றால் இதே தலைகீழ்: சோப்ளாங்கியிடம் தோற்றவனுக்குத்தான் அதிகம் போகும். நியாயமான ஏற்பாடுதான். ஆனால் நாலு பேர் மாங்கு மாங்கென்று சண்டை போட, ஐந்தாவது ஆள் மரத்தடியில் சும்மா நின்றே தங்கப் படிக்கு ஏறிவிடுகிறான் என்று புகார் மேல் புகார். எனவே இன்றிலிருந்து ஜெயித்த அணியின் மொத்தப் புள்ளியில் பாதி ஐவருக்கும் சமமாக, பாதி அவரவர் வேலைக்கு ஏற்ப. அடிப்பவனுக்கு அடித்த அளவு. வைத்தியனுக்கு ஆற்றிய காயத்தின் அளவு.

எழுதியதைத் திரும்பப் படித்தேன். நன்றாகத்தான் இருக்கிறது. நம் குழந்தை நமக்குப் பொன் குழந்தை.

மார்ச் 4, செவ்வாய்

இதையும் எழுதிவிடுகிறேன், வேறு யாரிடமும் சொல்ல முடியாது. மாமனார் எங்கள் ஆட்டம் ஆடுகிறார்.

முப்பத்தைந்து வருடம் லிஃப்ட் மெக்கானிக்காக இருந்தவர். முழங்கால் ஆபரேஷனுக்குப் பிறகு எங்களோடு வந்து எட்டு மாதம் ஆகிறது. ஆஸ்பத்திரியில் பக்கத்துக் கட்டில்காரர் ஆட்டத்தைப் பழக்கிவிட்டாராம். உலகத்தில் ஆயிரம் ஆட்டம் இருக்க, எங்களுடையதுதான் கிடைத்திருக்கிறது. வைத்தியர் வேஷம். அணியில் எல்லோரும் "டாக்டர்" என்று கூப்பிடுகிறார்கள். என்னிடம் ஒரு நாளைக்கு நாலு வார்த்தை பேசுகிற மனிதர், மாலை ஐந்து மணி ஆனால் கதவைச் சாத்திக்கொண்டு முகம் தெரியாத அந்த நாலு பேரோடு விழுந்து விழுந்து சிரிக்கிறார்.

அவரைப் பொறுத்தவரை நான் "கம்ப்யூட்டர் கம்பெனியில ஏதோ கணக்கு". நானும் திருத்தவில்லை. வீட்டில் யாராவது தரவரிசையில் ஆடினால் எழுதிக் கொடுக்க வேண்டும் என்று ஆபீஸில் விதி இருக்கிறது. கொடுத்தால் அவரை ஆட்டத்திலிருந்தே தூக்கிவிடுவார்களோ என்று பயம். அந்த விதியை நான் முழுசாகப் படித்ததுகூட இல்லை. படித்தால் தெரிந்துவிடுமே!

மார்ச் 6, வியாழன்

சாப்பிட உட்கார்ந்த மாமனார் தட்டைப் பார்த்துக்கொண்டே இருந்தார். "என்னப்பா?" என்று என் கணவர் கேட்டதுதான் தாமதம்.

"ஜெயிச்சோம்டா. கேப்டனுக்கு இருபத்திநாலு. எனக்கு ஆறு! தோத்தா மட்டும் இருபத்திரண்டு புடுங்கிக்கறான். எவனோ ஒரு படுபாவி புதுசா கணக்கு போட்டிருக்கான். அவன் ஏறுற லிஃப்ட் நாலாவது மாடிக்கும் அஞ்சாவது மாடிக்கும் நடுவுல நிக்கட்டும்!"

முப்பத்தைந்து வருட அனுபவசாலியின் சாபம். நான் அவருக்கு இன்னொரு ரொட்டி வைத்தேன்.

மார்ச் 7, வெள்ளி

வீட்டுக்குப் படியிலேயே ஏறினேன். ஆறு மாடி. எனக்கு மூடநம்பிக்கை கிடையாது. உடம்புக்கு நல்லது.

மார்ச் 10, திங்கள்

வாரக் கூட்டம். ஒரே வாரத்தில் வைத்தியர்கள் ஆற்றிய காயத்தின் அளவு நாற்பது சதவீதம் கூடியிருக்கிறது. மேனேஜர் வரைபடத்தைத் திரையில் போட்டுக் கைதட்டினார், எல்லோரும் தட்டினார்கள். "புள்ளி வச்சா வேலை செய்யறாங்க பாத்தீங்களா!" எனக்குப் பெருமையாக இருந்தது, மறைப்பானேன். படியேறி வந்தபோதும் பெருமை குறையவில்லை, மூச்சுதான் வாங்கியது.

மார்ச் 12, புதன்

மாமனாரின் புள்ளி 1797. மூன்றாம் தேதி 1846 இருந்தது. தங்கப் படிக்கு 1800 வேண்டும். சீசன் முடிவில் நடக்கும் பெரிய போட்டிக்குள் நுழைய ஐந்து பேருமே தங்கத்தில் இருக்க வேண்டும். கடைசி நாள் 23, ஞாயிறு மாலை ஆறு மணி.

கதவு திறந்திருந்தது. அணியின் கேப்டன் ஏதோ ஓர் ஊரில் பேக்கரி வைத்திருக்கும் பெண்மணி. ஸ்பீக்கரில் அவர் குரல்: "டாக்டர், தப்பா நினைக்காதீங்க. இருபத்திமூணுக்குள்ள ஏறலைன்னா நாங்க வேற வைத்தியர் பாக்கணும். மத்த மூணு பேரும் ரெண்டு வருஷமா இதுக்காகத்தான் ஆடறாங்க."

"நியாயம்தாம்மா. நான் ஒண்ணும் நினைக்கல."

போனை வைத்தவர் கொஞ்ச நேரம் முழங்காலைத் தடவிக்கொண்டு உட்கார்ந்திருந்தார். நான் துணி மடிப்பது போல் நடித்தேன். ஏற்கெனவே மடித்த துணி.

மார்ச் 15, சனி

இன்று மத்தியானம் நானே கேட்டேன். "மாமா, மத்த வைத்தியருங்களுக்கெல்லாம் புள்ளி ஏறுது, உங்களுக்கு மட்டும் ஏன் ஏறல?"

எட்டு மாதத்தில் நான் அவரைக் கேட்ட முதல் உருப்படியான கேள்வி அதுதான் என்று நினைக்கிறேன். மனிதர் கரண்டியைக் கீழே வைத்துவிட்டு விவரமாகச் சொன்னார்.

"நான் காயம் ஆத்துறதே இல்லம்மா. எதிரி கைய ஓங்கறப்பவே தெரியும், யாருக்கு அடி விழப்போகுதுன்னு. அதுக்கு முன்னாடி அவங்க மேல கவசத்தப் போட்டுருவேன். அடி கவசத்துல விழும், ஆளுக்கு ஒண்ணும் ஆகாது. அதுக்குப் புள்ளியே இல்லையாம். இப்ப கேப்டன் சொல்லுது, 'கவசம் போடாதீங்க டாக்டர், முதல்ல எங்களுக்கு அடி விழட்டும், அப்புறம் ஆத்துங்க'ன்னு. அடி விழட்டும்னு பாத்துட்டு நிக்கறது ஒரு வைத்தியமா? நீயே சொல்லு."

எழுந்து போய்ப் பாத்திரம் தேய்த்தேன்.

கவசம். ஐயோ. கவசத்துக்கு நான் வரியே எழுதல. விழுந்த அடி எவ்வளவு, ஆறின காயம் எவ்வளவு — இதைத்தான் எண்ணினேன். விழாமப் போன அடிய எப்படி எண்ணுறது? எண்ணணும்னே தோணலையே! மூணு மாசமா என்னத்தப் புடுங்கினேன்? அப்போ அந்த நாற்பது சதவீதம்? எல்லாரும் கைதட்டினோமே, அது என்னது?

மார்ச் 16, ஞாயிறு

கேப்டன் சொன்னபடியே மாமனார் கவசம் போடாமல் ஆடிப் பார்த்தார். முதல் ஆட்டத்திலேயே அணியின் வாள்காரி செத்துவிட்டாள். வரிசையாக மூன்று தோல்வி. 1739. இரண்டு வாய்க்கு மேல் சாப்பிடவில்லை, என்னைத் திட்டவுமில்லை. அதாவது, அந்தப் படுபாவியை.

திட்டியிருந்தால் தேவலை.

மார்ச் 17, திங்கள்

ஏழரைக்கே ஆபீஸ். இரண்டு வார ஆட்டங்களின் பதிவை முழுக்கக் கொட்டிப் பார்த்தேன். ஆறிய காயம் நாற்பது சதவீதம் கூடியிருக்கிறது, சரி. பட்ட காயம் நாற்பத்தொன்று கூடியிருக்கிறது. பட்டியலின் உச்சியில் இருக்கும் பத்து வைத்தியர்களும் தங்கள் ஆள் குற்றுயிராகும்வரை கையைக் கட்டிக்கொண்டு நிற்கிறார்கள், பிறகு ஓடிவந்து ஆற்றுகிறார்கள். நாங்களே புள்ளி கொடுத்துப் பழக்கிய பழக்கம். வேலியே பயிரை மேய்வதற்கு நான் கணக்குப் போட்டுக் கொடுத்திருக்கிறேன்.

மேனேஜர் இரண்டு எண்களையும் மாறி மாறிப் பார்த்தார். "சீசன் நடுவுல கைய வச்சா ஆளுங்க கொதிப்பாங்க மேடம்."

"ஏற்கெனவே கொதிச்சுக்கிட்டுதான் சார் இருக்காங்க. நாம வரைபடத்தை மட்டும் பாத்தோம்."

"இது எப்படிக் கண்ணுல பட்டுது உங்களுக்கு?"

"ஒரு வைத்தியர் சொன்னார்" என்றேன். எந்த வைத்தியர் என்று சொல்ல வாய் வரவில்லை. கோழை. நாற்பது வயதாகப் போகிறது, இன்னும் மேசைக்கடியில் ஒளிகிற புத்தி.

மார்ச் 18, செவ்வாய்

விதியைப் படித்தேன். ஒரு பக்கம்கூட இல்லை. வீட்டார் தாராளமாக ஆடலாம். பரிசு கிடைத்தால் வாங்கக் கூடாது. அவர்கள் புள்ளியை ஊழியர் தொடக் கூடாது. அவ்வளவுதான்! இதற்கா எட்டு மாதம் பயந்து கிடந்தேன்? படிவத்தை நிரப்பி மேனேஜரிடம் நீட்டினேன். படித்தார், கண்ணாடியைக் கழற்றினார்.

"அந்த வைத்தியர் உங்க மாமனாரா?"

"ஆமாம் சார்."

"சாப்பிடறப்ப உங்களத் திட்டுவாரா?"

"என் முன்னாடியேதான் திட்டுவார். அது நான்தான்னு அவருக்குத் தெரியாது."

சிரிக்க ஆரம்பித்தவர் நிறுத்தவில்லை. பிறகு முடிவு செய்தோம்: கவசம் தாங்கிய அடிக்கும், ஆற்றிய காயத்துக்கும் ஒரே மதிப்பு. மூன்றாம் தேதியிலிருந்து நடந்த எல்லா ஆட்டத்தையும் திருத்திய கணக்கில் ஓட்டிச் சரிசெய்வது. அந்த வேலை எனக்கில்லை, எறும்புக்கு. எறும்பு என்பது எங்கள் பிரிவில் ஒரு பெண், வரி வரியாக ஊர்ந்து சரிபார்ப்பாள், எதையும் விடமாட்டாள். முடிவு வெள்ளிக்கிழமை நாலு மணிக்கு.

மடியில் கனமில்லாமல் இருப்பது எப்படி இருக்கும் என்பதே மறந்துபோயிருந்தது. பஸ்ஸில் தூங்கிவிட்டேன்.

மார்ச் 19, புதன்

மாமனாரிடமும் சொல்லிவிட்டேன். மாலை காபி கொடுக்கும்போது, நின்றபடியே.

"மாமா, அந்தக் கணக்கு போட்டவன் ஆம்பளையில்ல."

"எந்தக் கணக்கு?"

"புள்ளிக் கணக்கு. நான்தான் போட்டேன். கவசத்த விட்டுட்டேன். தப்பு என்னோடது. திருத்தச் சொல்லியாச்சு, உங்களுக்கு ஏறுமா ஏறாதான்னு எனக்குத் தெரியாது, நான் பாக்கவும் கூடாது."

அவர் காபியை என் கையிலிருந்து வாங்கவே இல்லை. முகம் போன போக்கைப் பார்த்து, கோபம் வரப்போகிறது என்று நினைத்தேன்.

"அடக் கடவுளே... நான் லிஃப்ட் நிக்கட்டும்னு சொன்னேனேம்மா!"

"அதான் ரெண்டு வாரமா படியில ஏறிட்டு இருக்கேன்."

"அதுக்குத்தான் மேல்மூச்சு கீழ்மூச்சு வாங்கிட்டு வந்தியா? நான் உனக்கு உடம்புக்கு ஏதோன்னு இவன்கிட்டக் கேட்டுட்டு இருந்தேன்!" சிரித்தார். பிறகு குரல் இறங்கிவிட்டது. "ஆறு மாடியா ஏறின? சொல்லித் தொலைக்கக் கூடாதா?"

எனக்கு அழுகை வந்துவிட்டது. வெட்கமாக இருந்தது, ஆனாலும் நன்றாக அழுதேன். அவர் என்ன செய்வதென்று தெரியாமல், காபியை என் கையிலிருந்து வாங்கி, எனக்கே கொண்டுவந்தது போல என்னிடம் நீட்டி, "குடி, குடி" என்றார்.

மார்ச் 20, வியாழன்

இவரிடம் நடந்ததைச் சொன்னேன். "ரெண்டு பேரும் பேசிக்கிட்டீங்களா?" — அதுதான் இவருக்கு ஆச்சரியமாம்.

மார்ச் 21, வெள்ளி

நாலு மணி. எறும்பு தன் இடத்திலிருந்து என்னைப் பார்த்தாள், நான் ஜன்னலைப் பார்த்தேன். கேட்கக்கூடாது, அவளும் சொல்லக்கூடாது. பொதுவான முடிவு மட்டும் எல்லோருக்கும் வந்தது: எழுபதாயிரம் பேருக்குப் புள்ளி மாறியிருக்கிறது. பாதிப் பேர் வாழ்த்துகிறார்கள், பாதிப் பேர் திட்டுகிறார்கள். பழகிவிட்டது.

பஸ் என்னவோ இன்றைக்கென்று ஒவ்வொரு நிறுத்தத்திலும் நின்றது. லிஃப்டில் ஏறினேன். கதவைத் திறந்த மாமனார் போனை என் முகத்துக்கு நேரே நீட்டினார். 1803.

கவசத்துக்கெல்லாம் புள்ளி வந்திருக்கிறது. ஞாயிற்றுக்கிழமைத் தோல்விகள் மூன்றும் தோல்விகளாகவே இருக்கின்றன, அது நியாயம்தான். மூன்று புள்ளி மிச்சம். வாசலிலேயே செருப்போடு உட்கார்ந்துவிட்டேன். அப்பாடா. அப்பாடா. அப்பாடா.

மார்ச் 23, ஞாயிறு

ஆறு மணி ஆகிவிட்டது. 1803தான். இரண்டு நாளாக ஓர் ஆட்டமும் ஆடவில்லை, போனைத் தொடக்கூட இல்லை. தவறிக் கை பட்டு ஆட்டம் தொடங்கிவிட்டால் என்ன செய்வது என்று அலமாரிக்குள் வைத்திருந்தார். சாவியை என்னிடம் கொடுத்திருந்தார்.

மார்ச் 30, ஞாயிறு

பெரிய போட்டி. முதல் சுற்றிலேயே தோற்றுவிட்டார்கள். பேச்சு சத்தம் கேட்டுப் பயந்துகொண்டே போனேன். ஆறுதல் சொல்ல நாலு வார்த்தை தயாராக வைத்திருந்தேன்.

"தோத்துட்டோம்மா!" என்றார், ஏதோ கல்யாணம் நிச்சயமானது போல. "நம்ம கோட்டைய அவங்க புடிச்சிட்டாங்க, புடிச்சா ஆட்டம் முடிஞ்சுது. ஆனா கடைசி வரைக்கும் நம்ம ஆள் ஒருத்தர்கூட விழல. அஞ்சு பேரும் நின்னுக்கிட்டே தோத்தோம்!"

ஸ்பீக்கரில் நாலு பேரும் ஒரே நேரத்தில் பேசிக்கொண்டிருந்தார்கள். கேப்டன் குரல் மேலே வந்தது. "டாக்டர், அங்க யாரு? உங்க மருமகளா? கணக்கு போடறவங்களா?"

மாமனார் தன் கட்டிலில் நகர்ந்து இடம் விட்டார். "ஆமா, என் மருமகதான். யாரும் திட்டக்கூடாது, முன்னாடியே சொல்லியிருக்கேன். கேக்கறதக் கேளுங்க."

வில்காரன் ஆரம்பித்தான். தூரத்திலிருந்து குறிபார்த்து அடித்தால் ஏன் கூடுதல் புள்ளி கிடையாது? கேப்டனுக்கு வேறு குறை. அவர்கள் பேசப் பேச, மாமனார் நடுநடுவே "அது முடியாதுப்பா, அவளும் ஒரு ஆள்தானே" என்று எனக்காக வக்காலத்து வாங்கினார். அந்த அறையில் ஒரு மணி நேரம் உட்கார்ந்திருந்தேன். எட்டு மாதத்தில் முதல் தடவை.

இந்த ஆட்டத்துக்குப் பிறகு அவர் புள்ளி என்ன ஆனது என்று கேட்க மறந்துவிட்டேன். இப்போதுதான் போய்க் கேட்டேன். அவரும் பார்க்கவில்லையாம்.