ழ-வுக்கு வெட்டிய கல்

காற்று மாதம், 3

நோட்டே, கோபித்துக்கொள்ளாதே. உன் கோடுகள் நேராகத்தான் இருக்கின்றன. என் எழுத்துகள்தான் சந்தைக்கு ஓட்டிப்போகும் ஆடுகள் போல ஆளுக்கொரு பக்கம் போகின்றன. இந்த மூன்று வரிக்கே ஒரு முற்பகல் ஆயிற்று. ஆனால் எழுபத்தொரு வயதில் என் பேரை நானே எழுதிவிட்டேன்! மூன்று தடவை எழுதினேன். மனைவி எட்டிப் பார்த்து, "ஒரே ஆள்தானே, எதுக்கு மூணு பேரா எழுதுறீங்க?" என்றாள்.

காற்று மாதம், 9

முதியோர் எழுத்து வகுப்பில் இன்று ழ. பிறந்ததிலிருந்து எனக்கு அது ள-வாகத்தான் வரும். பளம், மளை, கிளவன்.

"நாக்கை உள்பக்கமா மடக்குங்க ஐயா, அண்ணத்துல ஒட்டவிடாதீங்க" என்றார் வாத்தியாரம்மா.

"அஞ்சுல வளையாதது எளுபத்தொண்ணுல வளையுமாம்மா?"

"'கிழவன்'னு சரியாச் சொல்ல வர்ற வரைக்கும் நீங்க கிழவன் இல்ல, போங்க."

வகுப்பே சிரித்தது. நான்தான் அதிகம் சிரித்தேன்.

காற்று மாதம், 10

வந்துவிட்டது! அடுக்களையில் நின்று, மூச்சு தீரும்வரை ழ்ழ்ழ் என்று இழுத்தேன்.

மாவு டப்பா மூடிமேல் பாரத்துக்கு வைத்திருக்கும் கல் வண்டு போல முரன்றது.

இன்னொரு தடவை இழுத்தேன். மறுபடியும் முரன்றது. மூடி அதிர்ந்தது. உட்கார்ந்துவிட்டேன்.

காற்று மாதம், 11

எழுதித்தான் ஆக வேண்டும், நாள் முழுக்க ஆனாலும்.

சுரங்கத்தில் வழி பிரியும் இடமெல்லாம் முரல்கல் தொங்கும். ஒவ்வொன்றும் ஓர் எழுத்துக்கென வெட்டியது. சும்மா பேச்சுக்கு அசையாது. அதன் எழுத்தை ஒரே மூச்சில் இழுத்துக் கூப்பிட்டால் முரலும். விளக்கு அணைந்தவன் அந்தச் சத்தத்தைப் பிடித்துக்கொண்டே வெளியே வந்துவிடுவான். வெட்டியவனே தன் கல்லைச் சோதிக்கக் கூடாது. அந்தக் காலத்தில் கல் வெட்டும் பட்டறையில் கூப்பிட்டுப் பார்த்து முத்திரை வைத்தவன் நான். படிக்கத் தெரிய வேண்டியதில்லை, காது போதும் என்று கொடுத்த வேலை.

ழ-வுக்கு அதுவரை யாரும் கல் வெட்டியதில்லை. என் மனைவியின் தம்பி ஒரு வருஷம் குனிந்த தலை நிமிராமல் வெட்டிக் கொண்டுவந்தான். கூப்பிட்டேன். சத்தமில்லை. "ஊமைக்கல்" என்றேன்.

"ஊமை கல்லு இல்ல அத்தான், உங்க நாக்கு!"

பட்டறையே சிரித்தது. எனக்குக் காதெல்லாம் சுட்டது.

"வேற யாரையாவது கூப்பிடச் சொல்லுங்க. ஒரே ஒரு தடவை அத்தான்."

நான் முத்திரைப் பெட்டியைப் பூட்டினேன்.

ழ வராதது என் குற்றமா? இல்லை. ஆனால் பூட்டினேனே, அது?

அவனுக்கு வேலை போயிற்று. கல்லை அக்கா கையில் வைத்துவிட்டு ஊரைவிட்டுப் போனான். முப்பத்திரண்டு வருஷம். இந்த வாசலை மிதிக்கவில்லை. அக்கரை ஊரில் ஜன்னல் கண்ணாடி வெட்டுகிறானாம், யாரோ சொன்னார்கள்.

காற்று மாதம், 12

அவளிடம் சொன்னேன். கல்லைக் கூப்பிட்டும் காட்டினேன். மாவு சலித்துக்கொண்டிருந்தவள் கையை நிறுத்தவில்லை.

"இத்தனை வருஷம் உன் கைக்கிட்டயே கிடந்துச்சே, நீ ஒரு தடவைகூடக் கூப்பிட்டுப் பாக்கலியா?"

"பாக்கல."

"ஏன்?"

"சத்தம் வந்திருந்தா, அப்புறம் உங்ககூட எப்படிக் குடும்பம் நடத்துறது?"

காற்று மாதம், 13

இரண்டு வேளையும் தட்டு வைத்தாள். வைத்ததும் அடுக்களைக்குள் போய்விட்டாள்.

காற்று மாதம், 17

தம்பியைப் பார்க்கப் புறப்பட்டாள். கல்லைத் துணியில் சுற்றிக்கொண்டாள். "நானும் வரேன்" என்றேன். "வேண்டாம். இத்தனை நாள் கழிச்சு அவனை நான் மட்டும் பாக்கணும்" என்றாள்.

ஒரு தாளில் எழுதிக் கொடுத்தேன். வாழ்க்கையில் என் முதல் கடிதம். 'பிழை என்னுடையது.' அவ்வளவுதான். ஏழு தாள் கிழித்தேன். அந்த ஒரு எழுத்துதான் படுத்தியது.

காற்று மாதம், 20

வீடு வெறிச்சென்று இருக்கிறது. எதுவும் எழுத வரவில்லை.

காற்று மாதம், 26

வந்துவிட்டாள். கல் வரவில்லை, அவன் வைத்துக்கொண்டானாம்.

"கூப்பிட்டுப் பாத்தானா?"

"பாத்தான். முரன்றதும் வெளியே போய் ரொம்ப நேரம் நின்னான்."

"என்னைப் பத்தி?"

"ஒண்ணும் கேக்கல."

என் தாளையே திருப்பி அனுப்பியிருக்கிறான். படித்துக் காட்ட வந்தாள், விடவில்லை. நானே எழுத்துக் கூட்டினேன். 'பிழை'யைச் சுற்றி ஒரு வட்டம். அடியில்:

'அத்தான், எழுத்து கோணல். அடுத்த வாரம் திருத்தி எழுதுங்கள்.'

மன்னித்தேன் என்று இல்லை. வா என்றும் இல்லை. மூன்று தடவை படித்தேன்.

கல் இல்லாததால் மாவு டப்பா மூடி நிற்கமாட்டேன் என்கிறது. பாரத்துக்கு இந்த நோட்டு வேண்டுமாம், வாசலில் நின்று கேட்கிறாள். இந்தப் பக்கம் முழுக்க ழ எழுதிவிட்டுத் தருகிறேன் என்றேன். அடுத்த வாரம் எழுத வேண்டும்.