பிள்ளையார் மண்ணில் விழுந்த குண்டு

இன்று காலை ஆவடி மார்க்கெட்டில் ஈரக் களிமண் வாசம். சதுர்த்திக்குப் பிள்ளையாரை அச்சில் வார்த்துக்கொண்டிருந்தார்கள். உன் நினைவு வந்தது. வந்ததே தவிர, எனக்கு ஒன்றும் ஆகவில்லை. நீ போனதிலிருந்து இப்படித்தான். மரத்துப்போன காலில் செருப்பு இருக்கிறதா என்று குனிந்து பார்ப்பதுபோல மனதைப் பார்த்துக்கொள்கிறேன்.

இதே இடத்துக்குத்தான் அன்றும் என்னை இழுத்து வந்தாய். உன் வயிற்றில் பிள்ளை, கைப்பையில் இரும்புக் குண்டு. அதற்கு முன்பே சப்பாத்தி மாவில் போட்டுப் பார்த்திருந்தோம். விழுந்த பள்ளம் மெல்ல மூடிக்கொண்டது. "மாவு பொய் சொல்லுதுக்கா, களிமண்தான் வேணும்" என்றாய்.

"புள்ளையாரு வேணாமா? வெறும் மண்ண வாங்கினு போய் இன்னாமா பண்ணப் போற?" என்றார் கடைக்காரர்.

"மாடியிலேர்ந்து குண்டு போடப் போறேண்ணே."

அவர் என்னைப் பரிதாபமாகப் பார்த்தார்.

எல்லாம் அந்தப் பிரெஞ்சுச் சீமாட்டியால் வந்தது. பெண்களை அறிஞர் சபைக்குள் விடாத காலத்தில் பௌதிகம் படித்தவள். குண்டின் வேகம் இரண்டு மடங்கானால் களிமண்ணில் பள்ளம் நான்கு மடங்காகும் என்று வாதாடியவள். நம் சேக்காட்டு ஃபிளாட்டில் முதல் மாடியிலிருந்து ஒரு முறை போட்டாய். "வேகம் ரெண்டு மடங்காகணும்னா நாலு மடங்கு உயரம் ஏறணும்" என்று மொட்டைமாடிக்கும் கிளம்பினாய். நான் திட்டிக்கொண்டே பின்னால் வந்தேன்.

மேலே மூச்சு வாங்கியபடி மீதிக் கதையைச் சொன்னாய். நாற்பதைத் தாண்டிக் கருவுற்றவள், பிழைக்க மாட்டோமோ என்ற பயத்தில் ஒரு பெரிய அறிவியல் நூலின் மொழிபெயர்ப்பை அவசர அவசரமாக முடித்தாளாம். பிள்ளை பெற்ற சில நாளில் போய்விட்டாளாம்.

"ஆனா முடிச்சிட்டுல்ல போனா!" என்று சிரித்தாய்.

"வாயக் கழுவுடி" என்றேன். உனக்கும் நாற்பது தாண்டியிருந்தது. பிரசவத்துக்குப் போனவள் நீயும் திரும்பவில்லை.

உன் மகளுக்கு இந்தக் கதை என்றால் உயிர். புத்தகத்தை முடித்தாள் என்ற இடத்தோடு ஒவ்வொரு முறையும் நிறுத்திவிடுவேன், குக்கர் விசில் அடித்தது என்று எழுந்துவிடுவேன். இன்று மார்க்கெட்டில் வாங்கி வந்த களிமண்ணை ஃபிளாட் முற்றத்தில் பரப்பியதும் கேட்டாள்.

"அப்புறம் என்னாச்சு பெரியம்மா?"

"அவங்களுக்குப் பாப்பா பொறந்துச்சு. அப்புறம் அவங்க செத்துப்போயிட்டாங்க."

மண்ணைத் தட்டிக்கொண்டே யோசித்தாள். "எங்கம்மா மாதிரியா?"

"ஆமாண்டா."

"அவங்க எழுதின புக்கு?"

"அது இருக்கு."

"சரி, மேலேர்ந்து போடுங்க."

ஏறினேன். அவள் சுவரோரம் ஒதுங்கிக் காதைப் பொத்திக்கொண்டாள். போட்டேன். ஓடிவந்து பள்ளத்துக்குள் கையை விட்டு, "நாலு மடங்கு!" என்று கத்தினாள். அளக்கவே இல்லை. நீயும் அப்படித்தான், அளப்பதற்கு முன்பே கத்தினாய்.

கைப்பிடிச் சுவரைப் பிடித்துக்கொண்டேன். அழுகை வரவில்லையடி. இறங்கிப்போய்க் குண்டை எடுத்துக்கொண்டேன். இதை எழுதும்போதும் அது என் கைப்பையில்தான் இருக்கிறது. அதில் ஒட்டிய மண்ணை இன்னும் துடைக்கவில்லை.